மட்டம் பார்த்தவர்

செங்கம் ரோட்டுப் பக்கம் ஒரு மாடி காலியாக இருக்கிறது என்று கேள்விப்பட்டுப் பார்க்கப் போனேன். வீட்டுக்காரர் என் பெயரைக்கூடக் கேட்கவில்லை. கூடத்தின் நடுவில் ஓர் இடத்தைக் காட்டி, "இங்க வந்து நில்லுங்க" என்றார். நின்றேன்.

"இப்ப ரெண்டடி தள்ளி நில்லுங்க. எதாவது தெரியுதா?"

நான் நர்ஸ். காலையிலிருந்து ஆஸ்பத்திரியில் நின்றுவிட்டு நேராக அங்கே வந்திருந்தேன். பாதத்தில் எரிச்சல் தெரிந்தது. வேறொன்றும் தெரியவில்லை. அப்படியே சொன்னேன். அவர் முகம் வாடிப்போயிற்று.

"விரலுக்கு அடியில ஒரு மேடு ஏறுதும்மா. எல்லாரும் மிதிச்சிட்டுத்தான் போறாங்க. யாருக்கும் தெரியல."

சமையலறையிலிருந்து அவர் மனைவியின் குரல் வந்தது. "அவங்க மாடி பாக்க வந்திருக்காங்க. மேல கூட்டிட்டுப் போங்க."

கூட்டிப்போனார். இரண்டு அறை, ஜன்னலைத் திறந்தால் மலை. வாடகை, தண்ணீர், சாவி என்று நான் கேட்டதற்கெல்லாம் ஒரே வார்த்தையில் பதில் சொன்னார். இறங்கும்போது, "மேல தரை நல்லாத்தான் இருக்கு. நான் பாத்துட்டேன். நீங்க கவலப்பட வேணாம்" என்றார். நான் அதைப் பற்றிக் கவலைப்பட்டிருக்கவே இல்லை.

அது எழுபதுகளின் பிற்பகுதி. அவர் அப்போதுதான் பொதுப்பணித்துறையிலிருந்து ஓய்வு பெற்றிருந்தார். ஏரி மதகு, வாய்க்கால் வேலைகளுக்கு மேற்பார்வை பார்த்தவர். போளூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் தலைமுறை தலைமுறையாகப் பயிர் வைத்த சமணக் குடும்பம். தெருவில் எல்லோருக்கும் அவர் நயினார். நான் சார் என்று கூப்பிட்டேன், அவர் மனைவியை அக்கா என்று. அவர்கள் இருவருக்கும் நான் சிஸ்டர். பிள்ளைகள் இல்லை. பொழுது சாய்வதற்குள் சாப்பிட்டுப் பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்த்துவிடுகிற வீடு.

ஒல்லியான மனிதர். வேட்டியை எப்போதும் முழங்காலுக்கு மேலே மடித்துக் கட்டியிருப்பார். அவர் நடப்பதைப் பார்த்தால் கண் தெரியாதவர் நடப்பது போல இருக்கும். பாதத்தை வைத்துப் பார்த்து, அந்த இடம் தாங்கும் என்று திருப்தியான பிறகுதான் உடம்பின் பாரத்தை அதில் இறக்குவார். டீக்கடைக்குப் போனால் பெஞ்சில் உட்காரும் முன் அதை ஆட்டிப் பார்ப்பார். ஆடினால், கீழே கிடக்கிற காலி சிகரெட் பெட்டியை எடுத்து மடித்து, குனிந்து காலுக்கு அடியில் சொருகி, மறுபடி ஆட்டிப் பார்த்து, இன்னொரு மடிப்பு மடித்துச் சொருகுவார். அதற்குள் அவருடைய டீ ஆறி ஆடை கட்டியிருக்கும். போகப் போகக் கடைக்காரருக்கு இது பழகிப்போய், பெஞ்சு சரியான பிறகுதான் டீயை ஆற்றத் தொடங்குவார்.

அக்காவுக்கு முடக்குவாதம். நான் குடிவந்த நாளே அவள் விரல் முட்டிகளைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன். காலையில் எழுந்தால் பாதம் மடங்காது. கார்த்திகை பிறந்துவிட்டால் சிமெண்டுத் தரையில் கால் வைப்பதே அவளுக்கு ஒரு காரியம். சில்லென்ற தரையில் நடக்கக் கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். வீட்டுக்குள் செருப்புப் போட அவள் ஒப்பவில்லை, சாமி இருக்கிற வீடு. ஜமக்காளம் விரித்தார்கள். அதன் ஓரத்தில் கால் தட்டி ஒருமுறை விழுந்தாள். அதோடு ஜமக்காளமும் சுருட்டி வைக்கப்பட்டது.

அவளுடைய தம்பி சென்னையில் கப்பல் அறைகளுக்குத் தரை போடும் ஒப்பந்தக்காரர் ஒருவரிடம் வேலை செய்தான். அங்கே மீந்த மெல்லிய வினைல் பிளாஸ்டிக் துண்டுகளை, ஒட்டும் பசையோடு அட்டைப்பெட்டிகளில் கட்டி, நான் குடிவருவதற்குச் சற்று முன்தான் லாரியில் அனுப்பிவைத்திருந்தான். மரப்பலகை போல ரேகை ஓடியிருக்கும். கையகலம், இரண்டு முழ நீளம். கூடத்துக்குச் சரியாகக் காணும். நான் ஒன்றை எடுத்துத் தடவிப் பார்த்தேன். வழுக்கவும் இல்லை, குளிரவும் இல்லை.

"ஒரு வாரத்துல ஒட்டிடுவாரு. தை மாசம் நான் ஓடுவேன் பாருங்க சிஸ்டர்" என்றாள் அக்கா.

அந்தப் பெட்டிகள் கூடத்து மூலையில் இருந்தபடியே மூன்று தை மாதங்கள் போயின.

குறை தரையில்தான் இருந்தது. கூடம் ஒரு காலத்தில் இரண்டு அறை. நடுச்சுவரை இடித்து ஒன்றாக்கியிருந்தார்கள். ஒரு பாதி பழைய சுண்ணாம்புத் தளம், மறுபாதி சிமெண்டு. சுவர் இருந்த இடத்தில் தழும்பு போல ஒரு மேடு. சுண்ணாம்புப் பக்கம் ஒரு மூலை இறங்கியிருந்தது. அவர் எனக்கு இதையெல்லாம் பொறுமையாகச் சொல்லுவார். நான் டூட்டிக்குக் கிளம்பிக்கொண்டிருப்பேன், அல்லது டூட்டி முடிந்து கண் சொருகிக்கொண்டிருக்கும். அவருக்கு அது தெரியாது.

"இது மெல்லிசு சிஸ்டர். அடியில ஒரு மணல் கெடந்தாலும் மேல காட்டிக் குடுத்துடும். மேடு இருந்தா நடுவுல வெடிக்கும். பள்ளம் இருந்தா மிதிக்க மிதிக்க ஓரம் தூக்கும். தூக்குச்சின்னா அவ கால் தட்டும். மொதல்ல அடி சரியாவணும்."

இதில் ஒரு சொல்லைக்கூட மறுக்க முடியாது. அதுதான் அவரோடு இருந்த சங்கடம்.

முதலில் ஒரு கொத்தனார் வந்தார். மேட்டை உளி வைத்துக் கொத்தினார், பள்ளத்தைச் சிமெண்டும் பொடி மணலும் குழைத்து நிரப்பினார், பிறகு மட்டக்கட்டையை வைத்துக் காட்டினார். நயினார் டார்ச் விளக்கை எடுத்து வந்தார். நேரான ஒரு நீளச் சட்டத்தைத் தரையில் நிறுத்தி, அதற்குப் பின்னால் விளக்கைப் பிடித்து, இந்தப் பக்கம் கன்னம் தரையில் படும்படி படுத்துப் பார்த்தார். சட்டத்துக்கு அடியில் ஓரிடத்தில் நூல் போல வெளிச்சம் கசிந்தது. "இதோ" என்றார். கொத்தனார் அதை நிரப்பினார். அடுத்த நாள் இன்னோரிடத்தில் கசிந்தது. இப்படியே நாட்கள் போய், ஒரு நாள் கொத்தனார் கரண்டியைக் கழுவிப் பையில் போட்டுக்கொண்டார்.

"சார், பூமியே உருண்டைன்றாங்க. அதுக்கு நீங்க எங்க போயி மட்டம் பாப்பீங்க?"

"பூமிய விடுங்க. இது பதினாறடி ரூமு" என்றார் நயினார், கோபமே இல்லாமல். கொத்தனார் அப்புறம் வரவில்லை. உளியையும் சுத்தியலையும் நயினாரே கையில் எடுத்துக்கொண்டார்.

என் கணவருக்கு ஜோலார்பேட்டையில் ரயில்வே வேலை. வாரம் ஒருமுறை வந்துபோவார். மற்ற நாட்களில் நான் தனி. இரவு டூட்டி முடிந்து காலையில் வந்து படுத்தால், கீழே டக் டக் என்று உளி தொடங்கும். தலையணையால் காதை அமுக்கிக்கொண்டு சில வாரங்கள் ஓட்டினேன். பிறகு முடியாமல் கீழே இறங்கிப் போய்ச் சொன்னேன்.

"சார், நைட் டூட்டி பாத்துட்டு வர்றேன். காலைல கொஞ்சம் நிறுத்தினீங்கன்னா தூங்குவேன்."

அவர் பதறிப்போய் எழுந்தார். உளியைக் கீழே வைத்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிடாத குறையாக, "தப்பா எடுத்துக்காதீங்கம்மா, எனக்குத் தோணவே இல்ல" என்றார். மறுநாளிலிருந்து உளிச்சத்தம் இல்லை. அதற்குப் பதில் ஒரு கருங்கல் துண்டை வைத்துத் தரையைத் தேய்க்கத் தொடங்கினார். சர்ர், சர்ர் என்று நிற்காமல் வரும். உளியாவது நடுவில் நிற்கும். இதைப் போய் எப்படிச் சொல்வது என்று விட்டுவிட்டேன். அந்தச் சத்தத்தோடு தூங்கப் பழகிக்கொண்டேன்.

ஒரு முறை பள்ளத்தில் ஊற்ற சிமெண்டுப் பாலைக் கரைத்து வைத்துவிட்டு, ஊற்றாமல் உட்கார்ந்திருந்தார். நான் தண்ணீர் எடுக்கக் கீழே போனவள் ஏன் என்று கேட்டேன். வெடிப்பைக் காட்டினார். சிற்றெறும்புகள் வரிசையாக வெளியே வந்துகொண்டிருந்தன. வாயில் வெள்ளை முட்டை.

"வூடு மாத்துதுங்க" என்றார்.

அவை போய் முடியும் வரை காத்திருந்தார். முடியவில்லை. மாலைக்குள் சிமெண்டு தொட்டியிலேயே இறுகிப்போனது. அப்போது சிமெண்டு சும்மா கிடைக்காது, பர்மிட் வாங்க தாலுக்கா ஆபீசுக்கு நடக்க வேண்டும். அடுத்த நாளும் எறும்பு, அதற்கடுத்த நாளும். கடைசியில் அக்கா சமையலறையிலிருந்து ஒரு வெல்லக்கட்டியைக் கொண்டுவந்து வாசல் பக்கம் மண்ணில் வைத்தாள். வெல்லத்தைக் கரைத்த தண்ணீரை அங்கிருந்து வெடிப்பு வரைக்கும் சொட்டிக்கொண்டே வந்தாள். இரண்டு நாளில் வெடிப்பு காலியாகிவிட்டது. அவர் அதைப் பார்த்து ஆச்சரியப்பட்டார். "இது எனக்குத் தோணல பாரு" என்றார்.

"உங்களுக்குத் தோணியிருந்தா வேல முடிஞ்சிருக்குமே" என்றாள் அவள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அது முதல் வருடம்.

காத்திருந்த காலத்தில் அக்கா பெட்டியிலிருந்து ஒரு வினைல் துண்டை உருவி வைத்துக்கொண்டாள். அடுப்பின் முன்னால் நிற்கும்போது அதைக் காலடியில் போட்டுக்கொள்வாள். அங்கிருந்து அம்மிக்குப் போக வேண்டுமென்றால் காலாலேயே அதைத் தள்ளிக்கொண்டு போவாள். அவர் ஒருமுறை அதைக் கவனித்துவிட்டு, "ஒண்ணு கம்மியாயிடும்" என்றார். அவள் துண்டைத் திருப்பித் தரவில்லை.

மழைக்காலத்தில் இன்னொரு தடை வந்தது. அவர் ஒரு பிளாஸ்டிக் தாளைத் தரையில் விரித்து நான்கு ஓரத்தையும் காற்றுப் போகாமல் ஒட்டிவைத்தார். மறுநாள் காலையில் என்னைக் கூப்பிட்டுக் காட்டினார். தாளின் அடிப்பக்கம் முழுவதும் வேர்த்திருந்தது.

"தரை தண்ணி விடுது. இதுமேல ஒட்டினா பசை பிடிக்காது. வெயில் வரட்டும்."

வெயில் வந்தது. வெயிலில் தரை காய்ந்து, நிரப்பிய இடத்தில் மயிரிழை போல வெடிப்பு விட்டது. அதை அடைக்க வேண்டும். அடைத்த இடம் கொஞ்சம் உயர்ந்தது. தேய்க்க வேண்டும். தேய்த்து முடிப்பதற்குள் மலை மேல் மேகம் கட்டியது.

கார்த்திகை தீபத்துக்கு என் பக்கத்து உறவுகள் கீழ்பென்னாத்தூரிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு வருவார்கள். கூடத்தைத் தாண்டித்தான் மாடிப்படி. குழந்தைகள் ஈரமான இடத்தில் கால் வைத்துவிடக் கூடாது என்று அவர் பலகைகளைப் பாலம் போல் போட்டு, ஒவ்வொருவரையும் கைபிடித்துக் கடத்தி விட்டார். என் பெரியம்மா மாடிக்கு வந்து மூச்சு வாங்க உட்கார்ந்து, "என்னாடி இது, ஆத்தைக் கடந்து வர்ற மாதிரி இருக்குது" என்றாள். அந்தப் பலகையின் மேல்தான் அக்காவும் நாள் முழுக்க நடந்தாள், சுவரைப் பிடித்துக்கொண்டு.

அவருடைய இந்தக் குணம் தரையோடு வந்தது அல்ல என்று அக்கா ஒரு நாள் சொன்னாள். நான் அவளுக்குச் சுடுதண்ணீர் ஒத்தடம் கொடுத்துக்கொண்டிருந்தேன். அவர் கடைக்குப் போயிருந்தார்.

"டிபார்ட்மெண்ட் பரீட்சை எழுதினா மேல போலாம்னு எத்தினியோ பேரு சொன்னாங்க. புக்கெல்லாம் வாங்கினாரு. காலைல நாலு மணிக்கு எழுந்து படிப்பாரு. நான் காபி போட்டுத் தருவேன். பரீட்சை வரும். இன்னும் ஒரு பாடம் சரியா வரல, அடுத்த தடவ எழுதறேம்பாரு. ரிட்டயர் ஆவற வரைக்கும் அடுத்த தடவதான். இவருக்குக் கீழ வேல பாத்தவங்க எல்லாம் இவருக்கு மேல போயிட்டாங்க."

"நீங்க ஒண்ணும் சொல்லலயாக்கா?"

"சொன்னேன். படிக்காம எழுதினா தப்பா ஆயிடாதான்னு கேட்டாரு. அதுக்கு நான் என்னா சொல்றது?"

அவள் குரலில் குற்றச்சாட்டு இல்லை. களைப்பு மட்டும் இருந்தது. அந்தக் களைப்பு எனக்குத் தெரிந்ததுதான். ஆஸ்பத்திரியில் நெடுநாள் நோயாளியின் கட்டிலுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் உறவுக்காரர்களின் முகத்தில் இருக்கும்.

அந்த ஒத்தடத்தின்போதுதான் அவளுடைய கணுக்கால் எவ்வளவு மோசமாகியிருந்தது என்று பார்த்தேன். அவர் திரும்பி வந்ததும் வாசலிலேயே நிறுத்திச் சொன்னேன்.

"சார், நான் ஒண்ணு சொன்னா வருத்தப்படக் கூடாது. அக்காவுக்கு மட்டம் வேணாம். கால் குளிராம இருந்தா போதும். இருக்கற தரை மேலயே ஒட்டிடுங்க."

அவர் கையிலிருந்த பையைக் கீழே வைத்தார்.

"ஒட்டிட்டா பிரிக்க முடியாதும்மா" என்றார். "பிரிச்சா கிழிஞ்சிடும். இருக்கறது இந்த அளவுதான். மச்சான் அந்த வேலைய விட்டுட்டான், இனிமே வராது. ஒரு தடவதான் ஒட்ட முடியும். அது தப்பாப் போச்சுன்னா?"

"தப்பாப் போனா என்ன சார்?"

இந்தக் கேள்வியை யாரும் அவரிடம் கேட்டதில்லை போலிருக்கிறது. என்னைப் பார்த்தார். கண் கலங்கியிருந்ததா, தூசியா, எனக்குத் தெரியாது. பையை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். அன்று மாலை கருங்கல் சத்தம் கேட்கவில்லை. மறுநாள் காலையில் மறுபடி கேட்டது.

என் கணவர் வேறு வீடு பார்க்கலாம் என்றார். நானும் இரண்டு இடம் போய்ப் பார்த்தேன். அக்காவை விட்டுவிட்டுப் போக மனம் வரவில்லை என்று சொன்னால் அழகாக இருக்கும். உண்மையில் சாமான் கட்ட எனக்குத் தெம்பில்லை.

மூன்றாவது வருடத்தின் கோடையில் அவருடைய ஊர்க் கோயிலில் விழா. அவர் போய்த்தான் ஆக வேண்டும். அக்காவால் பஸ் ஏற முடியாது. இரண்டு நாளில் வந்துவிடுவதாகச் சொல்லிக் கிளம்பினார். கிளம்பும்போது சுண்ணாம்புப் பக்கத்து மூலையைக் காட்டி, "அங்க நேத்துதான் பூசியிருக்கு, யாரையும் மிதிக்க விடாத" என்றார்.

பஸ் புறப்பட்டிருக்கும் நேரம் கூட ஆகியிருக்காது. அக்கா மாடிப்படிக்குக் கீழே நின்று கூப்பிட்டாள்.

"சிஸ்டர், இன்னைக்கு லீவா?"

"மத்தியானம் வரைக்கும்தான்க்கா. ஏன்?"

"கீழ வாங்க. ஒட்டிடலாம்."

இறங்கிப் போனேன். அவள் முகத்தைப் பார்த்த பிறகு எதுவும் கேட்கவில்லை. பாத்திரம் தேய்க்க வந்த முனியம்மாளையும் நிறுத்திக்கொண்டோம். அக்கா ஒரு நாற்காலியைப் போட்டுச் சமையலறை வாசலில் உட்கார்ந்தாள். அவள் விரல்களால் பசை டப்பாவின் மூடியைக்கூடத் திறக்க முடியாது. ஆனால் எப்படிச் செய்ய வேண்டும் என்று அவளுக்கு முழுவதும் தெரிந்திருந்தது. மூன்று வருடமாகக் கேட்டுக் கேட்டு மனப்பாடம்.

"மொதல்ல துடைப்பம். அப்புறம் ஈரத்துணி இல்ல, காஞ்ச துணி. ஒரு பொடி கூட இருக்கக் கூடாதாம். நடுவுல நேர்கோடு விழ நூல் அடிங்க. நடுவுலேந்துதான் சுவத்துக்குப் போவணுமாம். பசைய பல்லுத் தகடால இழுங்க, மெல்லிசா. தொட்டா விரல்ல ஒட்டாத பதம் வந்த பின்னாடிதான் துண்ட வெக்கணும்."

பசை நெடி தலையைச் சுற்றியது. நான் முதல் துண்டை வைத்து அழுத்தினேன். அது அப்படியே உட்கார்ந்தது. அடுத்தது அதன் பக்கத்தில், இடுக்கே தெரியாமல். நான் எங்காவது அது தூக்கிக்கொள்ளும், எங்காவது ஆடும் என்று எதிர்பார்த்தேன். எங்கும் ஆடவில்லை. கையால் ஒரு முறை தடவினால் போதும், துண்டு தரையோடு ஒன்றாகிவிட்டது. இந்த வேலை பழகாத இரண்டு பெண்கள், ஒருத்தி ஒட்ட, ஒருத்தி எடுத்துத் தர, உச்சி வெயிலுக்குள் பாதிக் கூடம் முடிந்துவிட்டது.

முனியம்மாள் ஒட்டாத பாகத்தைக் கையால் தடவிப் பார்த்தாள். "இன்னாம்மா, கண்ணாடி கணக்கா கீது. இன்னும் இன்னாத்த சரி பண்ணப் போறாரு?"

"போன வருஷமே சரியாயிடுச்சு. அவருக்குத்தான் மனசு வரல" என்றாள் அக்கா.

ஆஸ்பத்திரிக்கு ஆள் அனுப்பி டூட்டி மாற்றிக்கொண்டேன். பொழுது சாய்வதற்குள் மூலை வரை வந்துவிட்டோம். நேற்றுப் பூசிய அந்த இடம் தொட்டால் ஈரமாக இருந்தது.

"அக்கா, இது காயலயே."

அவள் சற்று யோசித்தாள். "அதையும் ஒட்டிடுங்க. அத மட்டும் விட்டா, அதுக்காக எல்லாத்தையும் பிரிச்சுடுவாரு."

ஒட்டினோம். கடைசியில் ஒரு துண்டு குறைந்தது. அவள் காலடியில் இருந்ததைக் காலாலேயே என் பக்கம் தள்ளினாள். தேய்ந்து நிறம் மங்கியிருந்தது. சமையலறை நிலைக்குப் பக்கத்தில் அதை வைத்து முடித்தோம்.

இரண்டு நாள் கழித்து அவர் வந்தபோது நான் கீழேதான் இருந்தேன். அக்காதான் இருக்கச் சொன்னாள். அவள் சுவரில் சாய்ந்து, கால்களை நீட்டித் தரையிலேயே உட்கார்ந்திருந்தாள். அவள் தரையில் உட்கார்ந்து நான் பார்த்ததே அப்போதுதான். அவர் வாசற்படியில் நின்றார். கையில் கோயிலில் கொடுத்த பொட்டலம். உள்ளே பார்த்துவிட்டு வெளியே போய்க் கால் கழுவிக்கொண்டு வந்தார். துண்டால் பாதத்தை நன்றாகத் துடைத்தார். பிறகு உள்ளே வந்து நடந்தார், ஒரு சுவரிலிருந்து மறுசுவருக்கு, அங்கிருந்து குறுக்காக. அவர் பாதம் ஒவ்வோரிடத்திலும் இறங்கி நின்று ஏறியது.

"யாரு நூல் அடிச்சது?"

"நான் சொன்னேன். சிஸ்டர் அடிச்சாங்க."

"கொஞ்சம் சாயுது."

"சாயட்டும்."

மூலைக்குப் போனார். பெருவிரலால் அழுத்தினார். முகம் சுருங்கியது. "இங்க ஈரம்" என்றார்.

"தெரியும்."

அவர் அங்கேயே நின்றுகொண்டிருந்தார். இனி அவர் வெடிப்பார் என்று நினைத்தேன். அவர் வந்து, அவளுக்குப் பக்கத்தில், சற்று இடைவெளி விட்டுத் தரையில் உட்கார்ந்தார். உள்ளங்கையைத் தரையில் வைத்துப் பார்த்தார்.

"கால் சில்லுன்னு இருக்கா?"

"இல்லைங்க."

"அப்ப சரி" என்றார். பொட்டலத்தைப் பிரித்து எங்கள் இருவருக்கும் கொடுத்தார். அவருக்கு எடுத்துக்கொள்ள மறந்துவிட்டார்.

அந்தக் குளிர்காலத்தில் அக்கா நடந்தாள். மாலைச் சாப்பாடு முடிந்ததும் கூடத்தில் சுவருக்குச் சுவர் போய்வருவாள். அவர் ஓரமாக உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பார். தரையைப் பார்த்தாரா, அவள் காலைப் பார்த்தாரா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. ஐப்பசி மழையிலேயே அந்த மூலையில் நாலைந்து துண்டுகள் எழும்பிவிட்டன, அவர் சொன்னபடியே. அவர் அவற்றின் மேலே ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு யாரும் அந்தப் பக்கம் போகாமல் செய்தார்.

பெட்டிகள் வந்து இறங்கிய வருடம் அவள் என்னோடு பெரிய கோயில் வரை நடந்து வந்திருக்கிறாள். தரை போட்டபோது தெருமுனை வரை போவாள். அதற்கடுத்த வருடம் வாசல் வரை. மருந்து மாறியது, டாக்டர் மாறினார், வேலூருக்குக் கூட்டிப்போனோம். அந்த நோய் அப்படித்தான் போகும், தரை சீக்கிரம் போட்டிருந்தாலும் நின்றிருக்காது. ஆனால் அவள் நன்றாக நடந்திருக்கக்கூடிய மூன்று வருடங்களைப் பலகை மேல் நடந்து கழித்தாள். இதை நான் அவரிடம் சொன்னதில்லை. அவர் அந்தக் கணக்கைக் கூட்டிப் பார்க்கத் தெரியாதவர் இல்லை. மாலையில் டீக்கடைக்குப் போவதை நிறுத்திவிட்டார். நான் ஒத்தடம் கொடுக்க இறங்கிப் போனால் வாசலில் எழுந்து நின்று வழிவிடுவார். நான் திரும்பும் வரை உள்ளே வர மாட்டார்.

எண்பதுகள் தொடங்கியிருந்தன. அக்காவால் எழுந்து நிற்க முடியாமல் போயிற்று. கட்டிலிலேயே கிடந்தாள். ஒரு நாள் பகல் டூட்டி முடிந்து நான் வந்தபோது அவர் சைக்கிளிலிருந்து இறங்கிக்கொண்டிருந்தார். பின்னால் ஒரு பழைய பிரம்பு நாற்காலி கட்டியிருந்தது. சட்டைப் பையில் பழைய இரும்புக் கடையில் வாங்கிய நான்கு சின்னச் சக்கரங்கள். வாசலிலேயே நாற்காலியைக் கவிழ்த்துப் போட்டு, கால்களில் துளை போட்டு, சக்கரங்களை முறுக்கத் தொடங்கினார். நான் பையைக் கூடக் கீழே வைக்காமல் பார்த்துக்கொண்டு நின்றேன். அவர் வேகமாக ஒரு வேலை செய்து நான் பார்த்ததில்லை. சட்டமும் டார்ச்சும் எடுத்து வரவில்லை. நிமிர்த்தி வைத்து ஆட்டிக்கூடப் பார்க்கவில்லை.

"சார், நாலு சக்கரமும் ஒரே உயரமா?"

"தெரியலம்மா" என்றார். நாற்காலியை உள்ளே தூக்கிக்கொண்டு போனார்.

அக்காவைக் கட்டிலிலிருந்து அவரே தூக்கினார். அவள் அவ்வளவு லேசாகிவிட்டிருந்தாள். நாற்காலியில் உட்கார வைத்து, முழங்காலுக்கு மேல் துண்டைப் போர்த்தி, பின்னால் நின்று தள்ளினார். கூடத்தின் நீளத்துக்கு அது ஓடியது. எங்கும் தட்டவில்லை. ஆனால் ஒரு சக்கரம் சின்னது. நாற்காலி ஒரு பக்கமாகச் சாய்ந்து, வலது பக்கம் இழுத்துக்கொண்டு போனது. அவள் இரண்டு கைப்பிடியையும் பிடித்துக்கொண்டாள்.

"வலது பக்கம் இழுக்குதுங்க."

"ஆமா."

"கழட்டி சரி பண்ணிட்டு வர்றீங்களா? நான் கட்டில்ல இருக்கேன்."

அதற்குள் அவர் சுவர் வரை போய் நாற்காலியைத் திருப்பியிருந்தார். திருப்பும்போது அது இன்னும் சாய்ந்தது. அவர் இடது கையால் அதை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டார்.

"அப்புறம் பாத்துக்கலாம்" என்றார். "வாசலுக்குப் போலாமா?"

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு, "போலாம்" என்றாள்.

வாசலில் ஒரு படி இருந்தது. நான் பையை வைத்துவிட்டுப் போய் முன்பக்கத்தைப் பிடித்துக்கொண்டேன்.